இருபத்தேழாவது களை

எங்கள் வீட்டு வளவில் நின்ற களைகளை ஒன்று விடாமல் எண்ணியவன் நான். அதற்கு நான்கு பின்னேரங்கள் எடுத்தன. மொத்தம் இருபத்தேழு வகை. அந்தக் கணக்கில் ஒரு பிழை இருந்தது. அதனால்தானோ என்னவோ, இப்போதும் குளிசைகளை மூன்று தரம் எண்ணிப் பார்த்துத்தான் விழுங்குகிறேன். படுக்கப் போகுமுன் வீட்டின் ஏழு தாழ்ப்பாள்களையும் தொட்டு எண்ணுகிறேன். பிள்ளைகள் சிரிக்கிறார்கள். ஒரு தரம் எல்லோர் முன்னாலும் கணக்குப் பிழைத்தவனுக்குத்தான் அந்தப் பயம் தெரியும்.

எண்பத்து நாலாம் ஆண்டு மாரி அது. எனக்குப் பன்னிரண்டு வயது. புங்குடுதீவில் அந்த முறை மழை கண்மண் தெரியாமல் பெய்தது. கார்த்திகை முடிவதற்குள் வளவு முழுவதும் புல்லும் பூண்டும் முழங்கால் உயரத்துக்கு எழுந்துவிட்டன. படலையிலிருந்து வாசற்படிக்கு நாற்பத்தொரு அடி வைத்து நடக்க வேண்டும். அதில் பத்து அடிதான் மண்ணில் படும், மற்றதெல்லாம் புல்லின் மேல். ஒரு நாள் அந்தப் பாதையில் அப்பா ஒரு விரியனைக் கண்டார். என் தங்கச்சிக்கு அப்போது நாலு வயது. செருப்பை எங்கே கழற்றி எறிந்தோம் என்று அவளுக்கே தெரியாது. அன்று இரவுச் சாப்பாட்டின்போதே அப்பா தீர்மானித்துவிட்டார்.

"இந்த வளவுக்குப் புல்லு மருந்து அடிக்கவேணும்."

அம்மா சோற்றைப் பரிமாறியபடியே, "வேண்டாம்" என்றார்.

அந்த நாட்களில் எங்கள் வீட்டில் ஐந்து பேர். அப்பா, அம்மா, நான், தங்கச்சி, ஐந்தாவதாகச் சின்னம்மா. சின்னம்மா அம்மாவின் ஒரே தங்கை. ஜேர்மனியில் இருந்த ஒருவருக்கு அவரைப் பேசி, நாள் வைத்து, கூறைச் சேலையும் எடுத்த பிறகு, மாப்பிள்ளை அங்கேயே வேறு ஒருத்தியைக் கலியாணம் முடித்துவிட்டதாகக் கடிதம் வந்தது. அதன் பிறகு அம்மா போய்ச் சின்னம்மாவை எங்கள் வீட்டுக்குக் கூட்டிவந்தார். வந்த நாளிலிருந்து சின்னம்மா ஒருவரோடும் கதைக்கவில்லை. குசினி வாசலில் இருந்து வேலியைப் பார்த்துக்கொண்டிருப்பார். என்னைத் தோளில் வைத்துக்கொண்டு வல்லிபுரக் கடல் பார்க்கக் கூட்டிப்போனவர், நான் கிட்டப் போனாலும் என்னைக் காணாதவர்போல இருந்தார்.

அவர் வந்ததால் வீட்டில் எனக்குச் சில கரைச்சல்களும் வந்தன. மண்ணெண்ணெய்ப் போத்தல் எங்கள் குசினியிலிருந்து அடுத்த வளவு மாமி வீட்டுக்குப் போய்விட்டது. குசினிக்குள் மணக்கிறது என்று அம்மா காரணம் சொன்னார். அதனால் பொழுதுபடும்போது மூன்று விளக்குகளையும் மாமி வீட்டுக்குக் கொண்டுபோய் எண்ணெய் விட்டுக்கொண்டு வருவது என் வேலை. போக எழுபத்திரண்டு அடி, வர எழுபத்திரண்டு அடி. கிணற்றடிக்கும் சின்னம்மா தனியே போவதில்லை. அவர் முகம் கழுவப் போனால், அடுப்பில் என்ன கொதித்தாலும் விட்டுவிட்டு அம்மா பின்னால் போவார். ஒரு வாளித் தண்ணீருக்கு எதற்கு இரண்டு பேர் என்று எனக்கு எரிச்சலாக இருந்தது. சின்னம்மாவுக்கு வழுக்கி விழப் பயம்போலும் என்று எண்ணிக்கொண்டேன்.

அப்பா நயினாதீவில் படிப்பித்தார். விடியக் குறிகட்டுவானில் படகேறிப் போய்ப் பின்னேரம் திரும்புவார். பத்துப் பேரிடம் கேட்காமல் ஒரு குடைகூட வாங்கமாட்டார். அதனால் புல்லு மருந்து ஆராய்ச்சி படகிலேயே தொடங்கியது. அங்கே படகோட்டி சொன்னதை அப்பா வீட்டில் அப்படியே நடித்துக் காட்டினார்.

"மருந்து என்னத்துக்கு மாஸ்டர்? கடல் தண்ணியை அள்ளி ஊத்துங்கோ. ஒரு கிழமையிலை புல்லு முடிஞ்சிடும்."

"ஒரு கிழமையிலை என்ரை கிணறும் முடிஞ்சிடும்."

எங்கள் கிணறு நல்ல தண்ணீர்க் கிணறு. சுற்றியிருந்த ஏழு வீட்டார் குடிக்க அள்ளிப் போவார்கள். தீவில் அப்படி ஒரு கிணறு இருக்கிறவனுக்கு உப்பென்ற சொல்லே ஆகாது.

அடுத்த சனிக்கிழமை அப்பா பஸ் ஏறி யாழ்ப்பாணத்துக்குப் போய், தோட்டச் சாமான்கள் விற்கும் கடையொன்றில் விசாரித்தார். மருந்தில் இரண்டு வகை இருக்கிறதாம். ஒன்று பட்ட இலையை மட்டும் கருக்கும், இரண்டு நாளில் பலன் தெரியும். ஆனால் வேர் தப்பிவிடும். மற்றது இலையால் இறங்கி வேர்வரை போகும், ஆனால் பத்து நாள் பொறுக்க வேண்டும். எது வேண்டும் என்று அப்பா முடிவெடுக்குமுன் கடைக்காரர் ஒரு கேள்வி கேட்டிருக்கிறார்.

"உங்கடை வளவிலை நிக்கிறது புல்லோ, பூண்டோ, கோரையோ? அதைச் சொன்னால்தானே மாஸ்டர் நான் மருந்தைச் சொல்லலாம்."

அப்பாவுக்கு விடை தெரியவில்லை. கேள்வி கேட்டே பழகிய மனிதர் விடை தெரியாமல் வீட்டுக்கு வந்து, எனக்கு ஒரு புதுக் கொப்பியைத் தந்தார்.

"வளவிலை என்னென்ன நிக்குது எண்டு ஒண்டு விடாமல் எழுது. இலக்கம் போட்டு எழுது."

என் வாழ்க்கையில் எனக்குக் கிடைத்த முதல் உத்தியோகம் அது. நான்கு பின்னேரங்கள் வேலியிலிருந்து வேலிவரை குனிந்து நடந்தேன். ஒவ்வொன்றிலும் ஒன்றைப் பிடுங்கி, இலக்கம் எழுதிய கடதாசித் துண்டைக் கட்டினேன். பெயர் தெரியாததைக் குசினிக்குக் கொண்டுபோய் அம்மாவிடம் கேட்டு எழுதினேன். இருபத்தாறுக்குப் பெயர் கிடைத்தது. இருபத்தேழாவது, கிடுகு அடுக்கியிருந்த இடத்தின் நிழலில் வெளிறிப்போய் நின்ற ஒரு சின்னச் செடி. அம்மா அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுத் தெரியாது என்றார். 'பெயர் தெரியாதது' என்று எழுதிக் கீழே கோடு போட்டேன்.

அன்று இரவு அப்பாவின் முன்னால் பட்டியலை வாசித்தேன். அம்மா குசினிக்குள்ளிருந்து பதில் சொல்லிக்கொண்டிருந்தார்.

"சாறணை."

"அது வறைக்கு. அதை அழிக்க ஏலாது."

"முடக்கொத்தான்."

"அப்பான்ரை முழங்காலுக்கு ரசம் வைக்கவேணும்."

"அறுகு."

"பிள்ளையாருக்குப் பிறகு என்னத்தைப் போடுறது?"

"நாயுருவி."

"வேராலை பல் தீட்டினால் பல்லு ஆடாது."

"தொட்டாச்சுருங்கி."

"தங்கச்சி விளையாடுறவள்."

"நெருஞ்சி."

நெருஞ்சிக்கு அம்மா கொஞ்சம் யோசிக்க வேண்டியிருந்தது.

"சலக்கடுப்பு வந்தால் அதைத்தான் அவிச்சுக் குடிக்கிறது."

"ஆருக்கு வந்தது?" என்று அப்பா கேட்டார்.

"வரும்."

அப்பா கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். "அப்ப நான் படலையிலை வைத்தியசாலை எண்டு எழுதித் தொங்கவிடட்டோ?"

அம்மா சிரிக்கவில்லை. சொன்னதை நிரூபிக்க வேண்டும் என்பதுபோல அடுத்த நாளே சமையலைத் தொடங்கினார். தேங்காய்ப்பூப் போட்டு வறுத்த சாறணை வறை நன்றாகத்தான் இருந்தது. முடக்கொத்தான் ரசத்தையும் குடிக்க முடிந்தது. மூன்றாம் நாள் வைத்த கீழ்க்காய்நெல்லிச் சம்பலைத் தங்கச்சி வாயிலிருந்து எடுத்து என் சோற்றுக் கோப்பையில் வைத்தாள். அப்பா மட்டும் மென்று விழுங்கி, நல்லாயிருக்கிறது என்று சொல்லி, மூன்று பேணி தண்ணீர் குடித்தார்.

அந்த நாட்களில் அம்மா எனக்கு இன்னொரு உத்தியோகமும் தந்திருந்தார். சாப்பிடும்போது நான் சின்னம்மாவுக்கு எதிரே இருக்க வேண்டும். அவர் எத்தனை வாய் சோறு எடுத்தார் என்று எண்ணி, பிறகு அம்மாவின் காதுக்குள் சொல்ல வேண்டும். முதல் நாள் நாலு. அடுத்த நாளும் நாலு. சம்பல் வைத்த அன்று மூன்று. ஏன் என்று நான் கேட்கவில்லை. என் எண்ணும் திறமையை வீட்டில் ஒருவராவது மதிக்கிறாரே என்பது போதுமாக இருந்தது.

அந்தக் கிழமை முடிவில் இருபத்தாறு களைகளையும் அம்மா காப்பாற்றிவிட்டார். பெயரில்லாத ஒன்றுதான் மிஞ்சியது. பெயர் தெரியாததற்கு என்ன உபயோகம் சொல்ல முடியும்? அப்பா அதைப் பிடித்துக்கொண்டார்.

"ஒண்டு மிஞ்சியிருக்கு. அந்த ஒண்டுக்கு வாங்குறன். பாம்பு அதுக்குள்ளதான் படுத்திருக்குதோ, ஆர் கண்டது?"

மறுநாள் சனிக்கிழமை. அந்தச் செடியைப் பேப்பரில் சுற்றி, சாதகக் குறிப்புக் கொண்டுபோகிறவர்போலப் பையில் பவுத்திரமாக வைத்துக்கொண்டு அப்பா பட்டினம் போனார். பொழுதுபடும் நேரம் திரும்பி வந்தார். நான் விளக்குகளோடு மாமி வீட்டிலிருந்து வந்து, வேலியோரம் நின்றேன். படலைக்கு அப்பால் அப்பா. கையில் பை. படலைக்கு இப்பால் அம்மா. படலை பூட்டியிருந்தது.

"அதோடை உள்ளுக்கு வரவேண்டாம்."

"ஒரு போத்தல் தானே. அலுமாரியிலை வைச்சுப் பூட்டுறன்."

"திறப்பை எங்கை வைப்பியள்?"

அம்மாவின் குரல் உயரவில்லை, இன்னும் தாழ்ந்தது.

"வீட்டுக்குள்ள ஒரு ஆள் இருக்கிறதை மறந்திட்டியளோ?"

வேறு யாரோ தன் கையில் தந்துவிட்டுப் போனதைப் பார்ப்பதுபோல அப்பா அந்தப் பையைப் பார்த்தார். பிறகு அதை மற்றக் கைக்கு மாற்றிக்கொண்டு, வந்த வழியே திரும்பி நடந்தார்.

எனக்கு அம்மாவின் கணக்கு விளங்கவில்லை. வீட்டுக்குள் ஒரு ஆள் என்றால் எப்படி? நாங்கள் ஐந்து பேர். அப்பா வெளியே நின்றதால் அவரைக் கழித்தாலும் நாலு. படுக்கும்வரை விரல் மடித்துப் பார்த்தேன். ஒன்று வரவேயில்லை.

இரண்டு மணித்தியாலம் கழித்து அப்பா வந்தார். பை இல்லை. மடத்துவெளியில் அவருடைய சிநேகிதர் ஒருவருக்குத் தோட்டமும் பூட்டு வைத்த கொட்டிலும் இருந்தன. போத்தலை அங்கே விட்டுவிட்டு, அவரிடம் புல்லை மண்ணோடு சீவிச் செருக்கும் ஆயுதத்தை இரவல் வாங்கித் தோளில் வைத்துக்கொண்டு வந்திருந்தார். அம்மா சோற்றைப் போட்டு, அப்பா சாப்பிட்டு முடியும்வரை பக்கத்தில் இருந்தார்.

ஞாயிறு காலை அப்பா சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு செருக்கத் தொடங்கினார். பள்ளிக்கூடத்தில் சோக்கட்டி பிடித்த கை. அரை மணித்தியாலத்தில் இரண்டு கொப்புளம். அம்மா கிணற்றுப் பக்கம் கையால் பிடுங்கினார். தங்கச்சி பிடுங்கியதை எடுத்துத் திரும்பவும் நட்டாள். நான் கொப்பியோடு நின்று, ஒவ்வொரு வகையும் விழ விழப் பெயரைச் சொல்லி அடையாளம் போட்டேன். அம்மா காப்பாற்றிய எல்லாம், பிள்ளையாருக்கான அறுகு ஒரு மூலை தவிர, அன்று அம்மாவின் கையாலேயே போய்க்கொண்டிருந்தது. அதுவும் எனக்கு விளங்கவில்லை. பல்லுக்கும் முழங்காலுக்கும் பிறகு என்ன செய்வது?

கிடுகு அடுக்குக்குக் கிட்ட வந்ததும், அங்கே மிஞ்சி நின்ற இன்னொன்றைப் பிடுங்கிப் பிடித்துக்கொண்டு குரலை உயர்த்தினேன்.

"இருபத்தேழு. பெயர் தெரியாதது."

குசினி வாசலில் இருந்த சின்னம்மா எழுந்தார். எங்கே போகிறார் என்று நான் பார்க்கும்போதே வளவைக் கடந்து என்னிடம் வந்து, என் கையிலிருந்த செடியை வாங்கினார். இலையைத் திருப்பிப் பார்த்தார். தண்டை நகத்தால் கீறினார்.

"இது நாயுருவி."

கனகாலம் திறக்காத படலைபோல அவர் குரல் கரகரத்தது.

"நாயுருவி பதினாலாவது. அது எழுதியாச்சு" என்றேன்.

"அது தாய். இது குஞ்சு. வெயில் படாமல் வெளிறிப்போய் நிக்குது. கதிர் வந்தால் உனக்கும் தெரிஞ்சிருக்கும்." கொப்பியை வாங்கிப் பார்த்துவிட்டுத் திரும்பத் தந்தார். "இருபத்தாறுதான், தம்பி. நீ பிழையா எண்ணியிருக்கிறாய்."

அப்பா செருக்குவதை நிறுத்தினார். அம்மா கை நிறையப் புல்லோடு அப்படியே நிமிர்ந்து நின்றார். நான் உதவி தேடி இருவரையும் பார்த்தேன். நான்கு பின்னேரம் குனிந்து நடந்தவன் நான், எனக்காக யாராவது ஒரு வார்த்தை சொல்ல வேண்டாமா?

அம்மா சொன்னார். "இன்னும் எங்கையாவது பிழை விட்டிருப்பாய், தம்பி. எல்லாத்தையும் ஒருக்காச் சின்னம்மாவுக்குக் காட்டு. வடிவாப் பார்க்கச் சொல்லு."

சொல்லும்போது அம்மாவின் முகம் முழுவதும் சிரிப்பு. அப்பா அதற்கும் மேலே. "ஓம் ஓம், இவன்ரை கணக்கை நம்ப ஏலாது. பிள்ளை, நீர் முதலிலையிருந்து பாரும்" என்று சின்னம்மாவிடம் சொல்லிவிட்டு, கொப்புளக் கையோடு என் தலையைத் தடவினார். நான் தலையை விலக்கிக்கொண்டேன்.

சின்னம்மா ஒன்றாம் இலக்கத்திலிருந்து தொடங்கினார். மத்தியானம்வரை மண்ணில் குந்தியிருந்து பார்த்தார். வேறு பிழை இல்லை. அதையும் ஒருவரும் பாராட்டவில்லை. இடையில் தங்கச்சி நட்ட தோட்டத்தைக் கண்டு, "இதை ஆரடி செய்தது?" என்று அவர் கேட்டது என் காதில் விழுந்தது. வளவு முழுவதும் வெளித்த பிறகும் பாம்பைக் காணவில்லை. இரண்டு கரண்டியும் தங்கச்சியின் ஒற்றைச் செருப்பும்தான் கிடைத்தன.

சின்னம்மாவுக்கு இப்போது ஆறு பேரப்பிள்ளைகள். போன கிழமை தொலைபேசியில் கதைத்தபோதும், "கணக்கு எப்படி, தம்பி? சரியா வருதோ?" என்று கேட்டார். அம்மா சொன்ன அந்த ஒரு ஆள் யாரென்று கண்டுபிடிக்க எனக்கு ஏழு வருடம் எடுத்தது. அன்று ஒன்றும் தெரியாது. நான் பிழை விட்டதில் அம்மாவுக்கும் அப்பாவுக்கும் அப்படி என்ன சந்தோஷம் என்று மனம் கொதித்தது. மத்தியானம் சாப்பிட இருந்தபோது வேண்டுமென்றே சின்னம்மாவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு இருந்தேன். அன்று அவர் எத்தனை வாய் சாப்பிட்டார் என்று அம்மாவும் கேட்கவில்லை. அந்த ஒரு எண்ணிக்கை மட்டும் என்னிடம் இல்லை.