பொழுதை இறக்கிவைத்த முப்பிடாதி

முப்பிடாதியம்மாளுக்கு ஐந்தருவியில் பெண்கள் பக்கம் காவல் வேலை. குளிக்க வருகிறவர்களை வரிசையில் விட வேண்டும், வழுக்குப் பாறைக்குப் போகிறவர்களைத் திட்ட வேண்டும், தண்ணீரின் நிறம் மாறினால் விசில் ஊதி எல்லோரையும் வெளியேற்ற வேண்டும். முதல் இரண்டும் தினமும் உண்டு. மூன்றாவது சீசனுக்கு ஒன்றிரண்டு தடவைதான் வரும். ஆனால் சம்பளமே அதற்குத்தான் என்று அவளுக்குத் தெரியும். மலையில் மழை கொட்டினால் வெள்ளம் சொல்லிக்கொண்டா வரும்? மிஞ்சிப்போனால் முன்னால் கொஞ்சம் இலையும் சுள்ளியும் வரும்.

பன்னிரண்டு வருஷத்தில் அருவிக்கரையில் அவள் ஒரு தடவைகூடப் பிந்தியதில்லை. பிந்தியது வீட்டுக்காரர் விஷயத்தில்தான். பேச்சிமுத்து ஆஸ்பத்திரியில் கிடந்தபோது காபி வாங்கக் கீழே இறங்கினாள். பத்து நிமிஷத்தில் திரும்பி வந்தால் மனுஷன் உயிரோடு இல்லை. அந்தப் பத்து நிமிஷம் இரண்டு வருஷமாக அவளை விடவில்லை. சோற்றில் கை வைத்தால் வரும், பஸ்ஸில் உட்கார்ந்தால் வரும். யாராவது மணி என்ன என்று கேட்டால் போதும், கண் கலங்கிவிடும்.

அதனால்தான் மேலகரத்தில் ஒரு மாவு மில் மாடிக்குப் போனாள். அங்கே செவ்வாய்தோறும் பத்துப் பதினைந்து பேர் கூடிப் பொழுதிறக்கம் என்று ஒன்று செய்கிறார்கள். தலைச்சுமையை இறக்குவது போல மனசிலிருந்து பொழுதை இறக்கிவைப்பது. கண்ணை மூடி முதலில் நேற்றை இறக்க வேண்டும், அப்புறம் நாளையை. கடைசியில் இப்போதையும் இறக்கிவிட்டால், மணி என்று ஒன்று இல்லாத இடத்தில் மனசு நிற்குமாம். எழுந்திருக்கும்போது மூன்றையும் திரும்ப ஏற்றிக்கொண்டு, அன்றைக்கு என்ன கிழமை, காலையில் என்ன சாப்பிட்டோம் என்று வாய்விட்டுச் சொல்ல வேண்டும். பாதிப் பேர் நேற்றை இறக்கியதுமே குறட்டை விடுவார்கள். முப்பிடாதிக்கு மூன்றாம் வாரமே கைகூடிவிட்டது. ஒரு மணி நேரம் முழுசாக அந்தப் பத்து நிமிஷம் இல்லாமல் இருந்தாள். அன்றைக்கு வீட்டுக்கு வந்து வெறும் ரசத்தை ஊற்றி இரண்டு தட்டு சோறு சாப்பிட்டாள்.

ஒரே ஒரு விதி. வேலையில் இருக்கும்போது இறக்கக் கூடாது. அவளும் வேண்டுமென்று இறக்கவில்லை. ஆனால் தினம் போகிற மாட்டுக்குத் தொழுவத்தை யாரும் காட்ட வேண்டியதில்லை. ஆடி மாதம், ஒரு வியாழக்கிழமை முற்பகல். நல்ல சாரல். தண்ணீர் வெள்ளை வெளேரென்று விழுந்தது. ஐம்பது அறுபது பெண்கள் நனைந்துகொண்டிருந்தார்கள். கம்பியைப் பிடித்துக்கொண்டு அருவிச் சத்தத்தைக் கேட்டபடி நின்றாள். அவ்வளவுதான் அவளுக்குத் தெரியும்.

மறுபடி நினைவு வந்தபோது விசில் வாயில் இருந்தது. எதிரே அருவி செம்மண் குழம்பாகக் கொட்டியது. மரக்கிளையும் கல்லும் உருண்டு வந்தன. நாக்கு மட்டும் பழக்கதோஷத்தில், "வியாழக்கிழமை, மூணு இட்லி" என்றது. பெண்கள் எல்லோரும் படிக்கு மேலே நின்றார்கள். அதில் ஒருத்தி மட்டும் மாரில் அடித்துக்கொண்டு கீழே இறங்கப் பார்த்தாள்.

"எம் பிள்ளையக் காணோம். ஸ்ரீதேவி, எட்டு வயசு. எங்கூடத்தான் நின்னா."

முப்பிடாதி வாயிலிருந்த விசிலை எடுத்துப் பார்த்தாள். ஊதியது எப்போது? தண்ணீர் சிவந்து எவ்வளவு நேரம் கழித்து? மண்டையைக் கசக்கினாலும் ஒன்றும் வரவில்லை; அந்த நேரத்தைத்தான் இறக்கிவைத்துவிட்டாளே. இன்னொரு பத்து நிமிஷம் தன் தலையில் விழுந்துவிட்டது என்றே நினைத்தாள். இதைத் தாங்க முடியாது என்றும் நினைத்தாள்.

போலீஸ்காரர் விஜயசங்கர் கீழே ஓடைப்பக்கம் ஓடினார். இவள் உடை மாற்றும் அறைக்கு ஓடினாள். கடைசித் தடுப்புக்குப் பின்னால் ஈரக் கவுனின் ஜிப் முடியில் சிக்கி, தலை ஒரு பக்கம் சாய்ந்தபடி அந்தப் பிள்ளை நின்றது.

"நீங்க விசில் அடிச்சீங்கல்லா, நான்தான் ஃபர்ஸ்ட்டா ஓடியாந்தேன்" என்றது. "இது மாட்டிக்கிட்டு."

தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போயிற்று. பிள்ளையைத் தாயிடம் கொடுத்துவிட்டு, படிக்கு மேலே ஜோதிலட்சுமியின் பஜ்ஜிக் கடை பெஞ்சில் பொத்தென்று உட்கார்ந்தாள். ஆனாலும் பிள்ளை பிழைத்தது அதிர்ஷ்டமாகக்கூட இருக்கலாமே.

"ஏட்டி ஜோதி, நான் எப்பம் ஊதுனேன்?"

ஜோதி சட்டியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "என்ன யக்கா, எங்கிட்ட கேக்க. நீ ஊதுனப்ப தண்ணி வெள்ளையால்லா இருந்துச்சு. அஞ்சாறு இலையும் சுள்ளியும் வந்துச்சு, அம்புட்டுத்தான். எனக்கே ஏன் ஊதுதான்னு தோணுச்சு. எல்லாரும் மேல வந்த பொறவுதான் செவந்துச்சு."

"நெசமாவா சொல்லுத?"

"படியேறி வந்த ஒரு பொம்பள வையுதா உன்னய. தண்ணி நல்லாத்தான இருக்கு, இவளுக்கு என்ன கோட்டியான்னு."

கோட்டிக்காரி, பைத்தியக்காரி என்று பேர் வாங்கி இவ்வளவு சந்தோஷப்பட்ட ஆளை நான் பார்த்ததில்லை. முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள், அழுகைக்கு நடுவிலேயே சிரிப்பும் வந்தது. இனி வேலை நேரத்தில் ஒரே இடத்தில் நிற்பதில்லை, நடந்துகொண்டே இருப்பது என்று அங்கேயே முடிவும் செய்தாள். பயம் பயம்தான். ஆனால் மனசு எங்கே போயிருந்தாலும் கண்ணும் வாயும் வேலையை விட்டுப் போகவில்லை என்பது அவளுக்கு இப்போது தெரிந்துவிட்டது.

ஜோதி இரண்டு பஜ்ஜியைத் தாளில் வைத்து நீட்டினாள்.

"அந்தப் பொம்பள இன்னும் என்னல்லாம் சொல்லி வைஞ்சா?" என்று கேட்டாள் முப்பிடாதி. "ஒண்ணு விடாமச் சொல்லுட்டி."