சுவரைப் பார்த்து நின்ற கார்

மீள்குடியேற்ற வேலையாக மன்னாரில் நான் திரிந்த வாடகைக் கார் ஒரு முஸ்லிம் நானாவுடையது. கூரை தலையில் இடிக்கும் உயரம் அவருக்கு. காரோ மிகச் சின்னது.

“எண்ணூறு சீசீ, மூண்டு சிலிண்டர்தான். ஆனா உப்புக்காத்திலயும் மணலிலயும் ஒருநாளும் கைவிடாது” என்பார். ஆனாலும் எங்கே நிறுத்தினாலும் ரிவர்ஸ் எடுத்து, முகப்பு வீதியைப் பார்க்கத்தான் விடுவார். மறிச்சுக்கட்டிக் கிராமத்தில் நிறுத்தியபோது ஏனென்று கேட்டேன்.

“தொண்ணூறில இயக்கம் எங்களை ஊரைவிட்டுக் கலைச்ச அண்டைக்கு, சுவரைப் பாத்து நிண்ட வாப்பாட காருக்கு ரிவர்ஸ் விழேல்ல. உம்மாவைத் தூக்கிக்கொண்டு கடற்கரைவரைக்கும் நடந்தம்.”

கடைசி நாள், எருக்கலம்பிட்டியில் அவர் கட்டிய புது வீட்டுக்குச் சாப்பிடப் போனோம். காரை நேரே ஓட்டி, சுவரில் முட்டுமளவுக்குக் கொண்டுபோய் நிறுத்தினார்.

“நானா, திருப்பி விடேல்லையா?”

“இது என்ட வளவெல்லோ. இனி ஆர் என்னைக் கலைக்கிறது?”

திறப்பைக் காரின் சாவித்துவாரத்திலேயே விட்டுவிட்டு உள்ளே போனார். நான்தான் கொஞ்சநேரம் அந்தக் காரையே பார்த்துக்கொண்டு நின்றேன்.