வேதாசலம் எழுதிய சிவப்புக் கிணறு

வேதாசலத்தின் கட்டுரைகள் வெளிநாட்டு ஏடுகளில் வந்தன. திருத்தணியில் அவற்றை முழுதாக அறிந்த ஒரே ஆள், கையெழுத்து மட்டும் போடத் தெரிந்த அவருடைய அண்ணன் சிங்காரம்.

ஞாயிறுதோறும் அண்ணன் சாயப்பட்டறையில் நூலைத் தொட்டியில் முக்கி முக்கி எடுப்பார். கல்லூரியில் பொருளாதாரம் கற்பிக்கும் தம்பி, பக்கத்தில் முக்காலி போட்டு அமர்ந்து, தான் எழுதியதைத் தமிழில் சொல்வார். அப்பா போன பிறகு தம்பியைப் படிக்க வைத்தது அந்தச் சாயத்தொட்டிதான்.

"இந்த வாரம் இன்னாடா எழுதிக்கீறே?"

"பணக்கார நாடுங்க வளர்ச்சிய ஊட்டுக்குள்ள வெச்சிக்குதுங்கண்ணா. அதோட அழுக்க எளச்சவன் வாசல்ல கொட்டுதுங்க."

"அட படுபாவிங்களா! அவன் அழுக்க அவன் ஊட்லயே வெச்சிக்க வேண்டியதுதான?"

எழுபத்தெட்டாம் ஆண்டுக் கோடையில், ரயிலிறங்கி வந்த வேதாசலத்தைக் காலனியில் வசிக்கும் கௌரியம்மாள் வழிமறித்தார். கரும்பு வெட்டப் போய்விட்டுத் திரும்பியவர், தூக்குச்சட்டியைத் திறந்து காட்டினார்.

"எங்க ஊட்ல தெனமும் விசேஷந்தான் வாத்தியாரய்யா. சோறே செவப்பா பொங்குது."

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். பிறகு, "கொழந்தைங்க ஒடம்பெல்லாம் சொறிங்க" என்றபோது சிரிப்பு இல்லை.

பட்டறைக்குப் பின்னால் மணலில் ஒரு பள்ளம் உண்டு. மிஞ்சிய சாயத்தை அண்ணன் மாலையில் அதில் கவிழ்ப்பார். காலையில் பள்ளம் காய்ந்திருக்கும். "மண்ணு குடிச்சிடுது" என்பார். மண் குடித்தது சரிவில் இறங்கிக் காலனிக் கிணற்றில் ஊறியது. மேட்டிலிருந்த இவர்கள் வீட்டுக் கிணறோ தெளிவாகவே இருந்தது. அதில் காலனிக்காரர்கள் கை வைத்தால் தீட்டாம்! ஒருவனுடைய தண்ணீரைக் கெடுத்துவிட்டு, தன் நல்ல தண்ணீருக்கு அவனையே தீட்டு என்று சொல்லும் அயோக்கியத்தனத்துக்கு இணை எந்த நாட்டில் இருக்கிறது?

வேதாசலம் எழுதினார். தெரு, பள்ளம், அண்ணன் பெயர், எல்லாவற்றையும். நாடு நாடாகப் பெயர் சொல்லிக் குற்றம் சாட்டியவருக்கு இந்தப் பெயரை மட்டும் மறைக்க மனம் வரவில்லை. அண்ணனிடம் படித்துக் காட்டாமல் அனுப்பவும் முடியவில்லை. படித்தால் அண்ணனையே இழக்க நேருமோ என்ற பயத்தில் இரண்டு ஞாயிறுகளைத் தள்ளிப்போட்டார்.

மூன்றாம் ஞாயிறு படித்தார். நூலை முக்கிய கை நின்றது.

"எம் பேரு போட்டுக்கீறியா?"

"ஆங்ண்ணா."

"அப்ப, இத்தினி வருஷமா நான் வைஞ்சிகினு இருந்த அந்தப் படுபாவி நான்தானாடா?"

முழங்கை வரை சிவந்திருந்த அந்தக் கையை வேதாசலம் பிடித்துக்கொண்டார். "நாம ரெண்டு பேருந்தாண்ணா. நான் படிச்சதும் இந்தத் தண்ணியிலதான்."

அன்று சிங்காரம் சாப்பிடவில்லை. மறுநாள் பள்ளத்தை மூடினார், தொட்டியைக் கவிழ்த்தார். வீட்டுக் கிணற்றுக்குப் புதுக் கயிறு கட்டிவிட்டு, தாமே காலனிக்குப் போய் அழைத்தார். சாயமேற்ற நூல் கொடுக்கும் பரந்தாமன் அதைக் கேட்டுத் தெருவில் நின்று கத்தினார்.

"இனிமே உனக்கு ஒரு இழை நூலு கெடையாது சிங்காரம்!"

"போவட்டும். உன் நூல நீயே முக்கிக்க."

குடத்தோடு வந்த கௌரியம்மாள் கிணற்றடிக்குச் சற்றுத் தள்ளியே தயங்கி நின்றார்.

"கவுறு புதுசும்மா. தாராளமா இழு" என்றார் சிங்காரம்.

அண்ணன் தர்மம் செய்துவிட்டதாகச் சிலர் மெச்சினார்கள். வேதாசலம் கட்டுரையின் முடிவில் சேர்த்த வரி வேறு. அதை அண்ணனிடம் படித்தார்: "அவர்களுடையதை எடுத்துக்கொண்டோம். திருப்பிக் கொடுக்கத் தொடங்கியிருக்கிறோம்."

சிங்காரம் சற்று யோசித்தார்.

"ஆங். இப்ப அனுப்பு."