அமாலியாவின் முதுகில் ஏழு ஊசிகள்

1

படத்திலிருந்த ஊசிகளை அழித்தது நான்தான். சொல்ல வெட்கமாக இருக்கிறது. ஆனால் இந்த வேலைக்கு வரும் பிள்ளைகளுக்குச் சொல்ல இதைவிடப் பயனுள்ள கதை என்னிடம் இல்லை.

ஜேர்மனியில், டுசல்டோர்ஃபில் ஒரு சிறிய லாப். பழைய படச் சுருள்களை ஸ்கேன் பண்ணி, கீறல், தூசு, கறை எல்லாவற்றையும் கணினியில் நீக்கிக் கொடுப்போம். எனக்கு மேலே பொறுப்பாக இருந்தவர் கார்த்திக், கோயம்புத்தூர்க்காரர். வயதில் என்னைவிடச் சின்னவர், வேலையில் கெட்டிக்காரர்.

பக்கத்து நகரமான எசனிலிருந்து மார்த்தா என்ற எண்பது தாண்டிய ஸ்பானிய அம்மா ஒரு சுருள் கொண்டுவந்தார். அதில் நடித்திருந்தவர் அவருடைய தாய் அமாலியா. பேசும் படம் வந்த புதிதில் ஒரே கதையை ஒவ்வொரு மொழிக்கும் தனித்தனியாக எடுத்தார்கள். ஜேர்மன் நடிகை தன் காட்சியை முடித்து எழும்ப, அதே கதிரையில், அதே உடுப்பைப் போட்டுக்கொண்டு ஸ்பானிய நடிகை வந்து இருப்பார். அமாலியா அப்படி பெர்லினில் நாலு படம் நடித்தார். பிறகு டப்பிங் வந்தது, வேலை போனது. ஊருக்குத் திரும்பித் தொப்பிக் கடையில் நின்றார். மகள் எசனுக்குத் தொழிற்சாலை வேலைக்கு வந்த பிறகு, அவரும் இங்கே வந்து இங்கேயே இறந்தார். நிலவறையில் கிடந்த இந்த ஒரு சுருள்தான் மிச்சம்.

பிசுபிசுத்துப் பொடிந்துகொண்டிருந்த அதை ஒரு முறைதான் ஸ்கேனரில் ஏற்ற முடிந்தது. இனித் தாங்காது.

2

ஐந்து கிழமை வேலை. கண்ணாடி மாதிரித் துடைத்து வைத்தேன். கார்த்திக் பார்த்துவிட்டு, "சூப்பர்க்கா, ஒரு புள்ளிகூட இல்ல" என்றார். எனக்குப் பெருமையில் தலைகால் புரியவில்லை.

மார்த்தா பார்க்க வந்தார். முதல் முறையாகத் தாயை இருபது வயதுப் பெண்ணாகக் காண்கிறார். கடைசிக் காட்சியில் அமாலியா திரும்பிக் கதவை நோக்கி நடந்தார். படம் முடிந்தது. மார்த்தா ஜேர்மனில் கேட்டதை என் தமிழில் சொல்கிறேன்.

"பிள்ளை, ஊசியள் எங்க?"

எனக்கு விளங்கவில்லை.

"அந்த உடுப்பு ஜேர்மன் நடிகைக்குத் தைச்சது. அம்மாவுக்குப் பெரிசு. முதுகில ஏழு ஊசி குத்தி இழுத்துப் பிடிச்சவையாம். திரும்பினால் தெரியும், குனிஞ்சால் குத்தும். அதாலதான் மரம் மாதிரி நிண்டனான் எண்டு சாகும்வரை சொன்னவ. நடிக்கத் தெரியாததுக்குச் சாட்டுச் சொல்லுறா எண்டு நானும் சிரிச்சனான். அதைப் பார்க்கத்தான் வந்தனான்."

 கறுப்புப் பட்டில் விட்டுவிட்டு மின்னிய வெள்ளைப் புள்ளிகளைத் தூசு என்று மென்பொருள் எடுத்தது. அதற்குத் தப்பியவற்றை நான் கையால் எடுத்தேன். இத்தனைக்கும் இரவல் பிளவுஸுக்குப் பின்னால் ஊசி குத்தி, என் கலியாண நாள் முழுக்கத் திரும்பாமல் நின்றவள் நான்.

வேலை திருப்தி என்று மார்த்தா கையெழுத்துப் போட்டதும், ஸ்கேன் பண்ணியபடியே இருக்கும் மூலப் பதிவை அழிப்பது எங்கள் வழக்கம். படிவம் மேசையில் இருந்தது. பேனையும் இருந்தது.

3

கார்த்திக்கை வெளியே கூப்பிட்டு, நான் அழித்தது தூசு இல்லை, ஊசிகள், அவற்றைத் திருப்பி வைக்கவேண்டும் என்று சொன்னேன்.

"அக்கா, அவங்க அம்மா பொறந்த ஊர்ல திரையிடப் போறாங்க. ஊசி தெரிஞ்சா நம்ம வேலை சரியில்லைன்னுதானே சொல்வாங்க?"

"சொல்லட்டும், கார்த்திக். சுருள் இனித் தாங்காது. இண்டைக்கு மூலப் பதிவை அழிச்சால், அமாலியா பொய் சொன்னதாத்தான் முடியும்."

 கார்த்திக் உள்ளே போய் மூலப் பதிவை அவரே திறந்தார்.

கீறலும் கறையுமாக அமாலியா திரும்பினார். முதுகில் ஊசிகள் ஒவ்வொன்றாக மின்னின. மார்த்தா விரலை மடக்கி எண்ணினார். ஏழு. நிறுத்தச் சொல்லி, திரைக்குக் கிட்டப் போய் நின்றார். "நோகாத மாதிரி நடக்கிறா, பாருங்கோ" என்றார். 

அந்தக் காட்சியைத் திரும்பவும் முதலிலிருந்து செய்தேன். அதற்குப் பிறகு எந்தப் புள்ளியையும் அது என்னவென்று தெரியாமல் நான் தொட்டதில்லை.

எங்கள் படிவத்தில் 'நீக்கப்படாத குறைகள்' என்று ஒரு கட்டம் உண்டு. அதில் ஏழு ஊசிகள் என்று எழுதி மார்த்தாவிடம் நீட்டினேன். அவர் 'குறைகள்' என்ற சொல்லைப் பேனையால் வெட்டிவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.