கணீரக்கா விற்ற பழைய ரிக்

கணீரக்கா தொலைபேசியில் "ஹலோ" என்றால், எதிர்முனையில் இருப்பவர் தன்னையறியாமல் கருவியைக் காதிலிருந்து ஒரு சாண் தள்ளிப் பிடிப்பார். அந்தப் பெயரை வைத்தது அலுவலகத்துப் பையன்கள். அவளுக்கும் அதில் வருத்தமில்லை. பைலிங் ரிக் விற்கிற கம்பெனியில் வேலை. பாலத்துக்கும் பெரிய கட்டடத்துக்கும் அடித்தூண் இறக்க, பூமியைக் குடைந்து குழி போடுகிற இயந்திரம் அது. ஐந்தாறு மாடி உயரத்துக்கு நிமிர்ந்து நின்று அது உறுமுகிறபோது, பக்கத்தில் நின்று விலை பேசி முடிக்க வேண்டுமானால் குரல் கணீரென்றுதான் இருந்தாக வேண்டும்.

அவள் கணவன் ஒரு பல் மருத்துவரிடம் உதவியாளன். அவன் பேசுவது அவனுக்கே பாதிதான் கேட்கும். மாமியாருக்கு இந்த ஜோடிப் பொருத்தத்தைப் பற்றிப் பேசுவதில் தனி ருசி.

"என் பையன் வேலை பாக்கற இடத்துல பல்லுல ஓட்டை போடறாங்க. மருமக வேலை பாக்கற இடத்துல பூமியில ஓட்டை போடறாங்க. ஆக மொத்தம் நம்ம வீட்டுக்குச் சோறு போடறதே ஓட்டைதான்" என்பாள், வந்தவர் போனவரிடமெல்லாம்.

நாடு முழுக்க மேம்பாலமும் சுரங்க ரயிலும் கட்டிக்கொண்டிருந்த காலத்தில் கம்பெனி ஓகோவென்று ஓடியது. ஒப்பந்தக்காரர்கள் வரிசையில் நின்று ரிக் வாங்கினார்கள். ஒருவன் வாங்கினான் என்பதற்காகவே இன்னொருவனும் வாங்கினான். பிறகு பாலங்கள் கட்டி முடிந்தன. புதிய வேலைகளுக்கு அரசாங்கம் கையெழுத்துப் போடாமல் இழுத்தடித்தது. ரிக்குகள் ஒவ்வொன்றாக ஊர் திரும்பி அவரவர் கொட்டகையில் படுத்துக்கொண்டன. பழைய இயந்திரமே சும்மா நிற்கும்போது புதியதை யார் வாங்குவார்கள்? கம்பெனியில் ஈ ஓட்டக்கூட வழியில்லை, ஈயும் வரவில்லை.

விற்பனையாளர் சங்கத்திலிருந்து மூன்று மாதத்துக்கு ஒருமுறை சந்தை நிலவர அறிக்கை வரும். அதில் இருக்கிற கோடு கீழே இறங்க இறங்க, முதலாளியின் முகமும் இறங்கும். முதல் இறக்கத்தில் ஏசியை நிறுத்தினார். அடுத்ததில் சாயங்காலத் தேநீர் போயிற்று. அதற்கடுத்த அறிக்கை வருவதற்கு முன் அலுவலகத்தில் எல்லோரும் நாற்காலியை இறுகப் பிடித்துக்கொண்டார்கள். விற்பனைப் பையன்கள் இரண்டு பேர் சொல்லிக்கொள்ளாமலே வேறு வேலைக்குப் போய்விட்டார்கள்.

கணீரக்கா போகவில்லை. வாடிக்கையாளர்களோடு பேசிக்கொண்டே இருந்தாள். விற்பதற்கு ஒன்றும் இல்லாவிட்டாலும், "எப்படிண்ணே இருக்கீங்க, ரிக் எப்படி இருக்கு?" என்று கேட்டுவைப்பாள். வீட்டுப் பிள்ளையை விசாரிப்பது போல.

அப்படி ஒரு புழுக்கமான பிற்பகலில் கடலுக்கு அந்தப் பக்கத்து நாட்டிலிருந்து ஓர் அழைப்பு வந்தது. பேசியது ஒரு பெண். தம்பிகளோடு சேர்ந்து பைலிங் ஒப்பந்த வேலை எடுத்துச் செய்கிறவள். இருவருக்கும் பொதுவாக இருந்தது அரைகுறை ஆங்கிலம்தான். அவளுக்குப் பல் வேண்டுமாம். மண்ணைச் சுரண்டுகிற வாளியின் அடியில் பொருத்துகிற இரும்புப் பல். அதுவும் கம்பெனி எப்போதோ செய்வதை நிறுத்திவிட்ட பழைய ரக ரிக்குக்கு.

"இவ்வளவு பழைய ரிக்கையா இன்னும் ஓட்டறீங்க?" என்றாள் கணீரக்கா.

அந்தப் பெண் பெருமூச்சு விட்டது கடல் தாண்டிக் கேட்டது. அவர்கள் நாட்டில் ஆற்றுக்கு ஆறு பாலம் கட்டத் தொடங்கியிருக்கிறார்களாம். புதிய ரிக் வாங்கக் கையில் அவ்வளவு பணம் இல்லையாம். அதனால் ஓடுகிறதெல்லாம் ஓடட்டும் என்று இதையே ஒட்டுப்போட்டு ஓட்டுகிறார்களாம்.

பேசிவிட்டு வைத்த கணீரக்காவுக்கு இருப்புக் கொள்ளவில்லை. அதே ரக ரிக்குகள் யார் யார் கொட்டகையில் தூங்குகின்றன என்பது அவளுக்கு நன்றாகத் தெரியும். நேரே முதலாளி அறைக்குப் போனாள்.

"சார், ஒரு விஷயம். கோபப்படக் கூடாது."

"கோபப்பட்டா வேர்க்கும். வேர்த்தா ஏசி போடணும். அதனால கோபப்பட மாட்டேன், சொல்லும்மா."

சொன்னாள். முதலாளி கோபப்பட்டார்.

"பழைய வண்டி வியாபாரமா? நாம புது மெஷின் விக்கற கம்பெனிம்மா! செருப்புக் கடை ஷோரூம்ல யாராவது பழைய செருப்பை அடுக்கி வைப்பாங்களா?"

"புதுச் செருப்பைத்தான் யாரும் திரும்பிக்கூடப் பாக்கலையே சார். நம்ம ஊர்க்காரங்க ரிக்கெல்லாம் இங்க சும்மா வெயில் காயுது. அத அக்கரைக்குத் தள்ளிவிட்டா, நமக்குக் கமிஷன். நாளைக்கே இங்க வேலை ஆரம்பிச்சா, பழசை வித்துட்டவங்க எதை வச்சுக் குழி போடுவாங்க? நம்மகிட்டதானே புதுசு கேட்டு வரணும்?"

முதலாளி விட்டத்தைப் பார்த்தார், ஜன்னலைப் பார்த்தார், கடைசியில் சங்கத்து அறிக்கையைப் பார்த்தார்.

"சரி, ஒண்ணே ஒண்ணு வித்துக் காட்டு. கம்பெனி பேரு மட்டும் கெடக் கூடாது."

முதல் ரிக்கைத் தேட வேண்டிய அவசியமே இருக்கவில்லை. தாடிக்காரர் என்று ஓர் ஒப்பந்தக்காரர். நகரத்துக்கு வெளியே அவர் வீடும் கொட்டகையும் ஒரே மதிலுக்குள் இருந்தன. அவருடைய ரிக் மூன்று வருடமாக அசையவில்லை. சக்கரப் பட்டைகளுக்கு நடுவே புல் முளைத்திருந்தது. அவர் மனைவி ரிக்கின் ஏணியிலிருந்து மதில் வரை கொடி கட்டித் துணி காயப்போட்டிருந்தாள். விற்கிற பேச்சு எடுத்ததும் தாடிக்காரர் சரி என்று தலையாட்டினார். மனைவிதான் முகத்தைச் சுளித்தாள்.

"அப்ப நான் துணியை எங்க காயப்போடறது?"

"அக்கா, ரிக் வித்த பணத்துல உங்களுக்கு மொட்டை மாடியே கட்டித் தரச் சொல்றேன்" என்றாள் கணீரக்கா. தாடிக்காரர் தாடியைத் தடவியபடி வேறு பக்கம் திரும்பிக்கொண்டார்.

அலுவலகத்தில் அக்கரை அம்மா என்று அழைக்கத் தொடங்கிவிட்ட அந்தப் பெண் ஒரே ஒரு நிபந்தனை போட்டாள். படம் அனுப்பினால் போதாது. வீடியோவில் நேரடியாக இயந்திரம் ஓடுவதை அவள் பார்க்க வேண்டும்.

கம்பெனியின் மெக்கானிக்குக்கு டீசல் என்று பெயர். குளித்துவிட்டு வந்தாலும் அவன்மேல் அந்த வாசனைதான் அடிக்கும். அவன் ஒரு வாரம் அந்த ரிக்கோடு மல்லுக்கட்டினான். குழாய்களை மாற்றினான், எண்ணெயை வடித்தான், பறவைக் கூடு ஒன்றைப் பத்திரமாக எடுத்து மதில்மேல் வைத்தான். காட்டுகிற நாள் வந்தது. கணீரக்கா ஒரு கையில் போனைத் தூக்கிப் பிடித்தபடி நிற்க, டீசல் சாவியைத் திருப்பினான். இயந்திரம் ஒருமுறை இருமியது, அவ்வளவுதான். மறுபடி திருப்பினான். ஏதோ முனகியது. போன் திரையில் அக்கரை அம்மாவின் புருவம் ஏறிக்கொண்டே போயிற்று.

"தூங்கி எழுந்திரிக்குது மேடம். உங்க தம்பிங்க காலைல ஒரு குரலுக்கு எழுந்துருவாங்களா?" என்றாள் கணீரக்கா.

மூன்றாவது முறை கரும்புகை குப்பென்று கிளம்பியது. கொட்டகையே அதிர, ரிக் உறுமத் தொடங்கியது. தெருவிலிருந்த நாய்களெல்லாம் சேர்ந்து பதில் சொல்லின. தாடிக்காரருக்குக் கண் கலங்கிவிட்டது. புகையால்தான் என்று சொல்லிக்கொண்டார்.

"ஓடுது, சரி. குழி போடுமா?" என்று கேட்டாள் அக்கரை அம்மா.

யாரும் அதை யோசித்து வைக்கவில்லை. எங்கே போடுவது? கணீரக்கா சுற்றும் முற்றும் பார்த்தாள். மதிலோரம் காலியாக ஓரிடம் தெரிந்தது.

"டீசல், அங்க போடு!"

தாடிக்காரர் ஏதோ கையை ஆட்டினார். இயந்திரச் சத்தத்தில் கணீரக்காவின் குரல் ஒன்றுதான் எடுபடும், அவர் சொன்னது யாருக்கும் கேட்கவில்லை. வாளி சுழன்று மண்ணுக்குள் இறங்கியது. வெண்ணெயில் கத்தி இறங்குவது போல இறங்கியது. ஆகா என்று கணீரக்கா போனை இன்னும் பக்கத்தில் கொண்டுபோனாள். அந்த நேரம் பார்த்து "பட்" என்று ஒரு சத்தம். வீட்டுக்கு வருகிற தண்ணீர்க் குழாய் உடைந்து, தண்ணீர் ஆள் உயரத்துக்குப் பீய்ச்சியடித்தது.

கணீரக்கா தலை முதல் கால் வரை நனைந்தாள். டீசல் குதித்து ஓடினான். காய்ந்திருந்த துணிகள் அத்தனையும் மறுபடி நனைந்தன. தாடிக்காரரின் மனைவி வாசலுக்கு ஓடிவந்து, இந்தக் கோலத்தையெல்லாம் பார்த்துவிட்டு, இடுப்பில் கைவைத்து நின்றாள். அடுத்த கணம் வசவு விழப்போகிறது என்று எல்லோரும் குறுகினார்கள். அவளுக்கோ சிரிப்பு பொத்துக்கொண்டு வந்துவிட்டது. வயிற்றைப் பிடித்துக்கொண்டு படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். அவளைப் பார்த்துத் தாடிக்காரர் சிரித்தார், டீசல் சிரித்தான். நனைந்த போனிலிருந்தும் ஒரு பெருஞ்சிரிப்பு கேட்டது. அக்கரை அம்மா தம்பிகளையெல்லாம் கூப்பிட்டுக் காட்டிக்கொண்டிருந்தாள்.

"நல்லாவே குடையுது! தண்ணியும் சேத்துத்தான் இந்த விலையா?" என்று கேட்டாள், சிரிப்பு அடங்கியதும்.

நின்ற இடத்திலேயே பேரம் முடிந்தது. குழாய் சரிசெய்கிற செலவைக் கம்பெனி ஏற்றுக்கொண்டது. கணீரக்கா சொட்டச் சொட்ட வீட்டுக்குள் நுழைந்தபோது மாமியார் வெளியே எட்டி வானத்தைப் பார்த்தாள்.

"மழையே இல்லையேடி?"

"நான்தான் பெய்ய வச்சேன் அத்தை!" என்று அவளைக் கட்டிக்கொண்டாள் மருமகள். ஈரம் ஒட்டிக்கொண்ட மாமியார் கத்திய கத்தலில், அந்த வீட்டில் கணீர்க்குரல் ஒருத்திக்கு மட்டும் சொந்தமில்லை என்று கணவனுக்குத் தெரிந்தது. துண்டை எடுத்து வந்து இருவருக்கும் பொதுவாக நீட்டினான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை ரிக் துறைமுகத்துக்குக் கிளம்பியது. நெடுங்கம்பத்தை மடக்கிப் படுக்கவைத்து நீளமான டிரெய்லரில் ஏற்றியிருந்தார்கள். கடைத்தெரு முனையில் வண்டி திரும்ப முடியாமல் நின்றது. வழியை மறித்த தன் பெயர்ப்பலகையைக் கழற்ற ஒரு மருந்துக்கடைக்காரர் சம்மதித்தார், ரிக்கோடு ஒரு படம் எடுத்துக்கொள்ள விட்டால். பிறகு அந்தத் தெருவில் படம் எடுத்துக்கொள்ளாதவர் யாரும் மிச்சமில்லை.

அதற்குப் பின் அக்கரை அம்மாவின் உறவுக்காரர் ஒருவர் கேட்டார். அவருடைய போட்டியாளர் கேட்டார். கொட்டகைகளில் புல் முளைத்துக் கிடந்த ரிக்குகள் ஒவ்வொன்றாகக் கப்பல் ஏறின. மற்றக் கம்பெனிகளும் மோப்பம் பிடித்து இதே வேலையில் இறங்கியபோது முதலாளி குமைந்தார்.

"பாத்தியா, நம்ம ஐடியாவைத் திருடிட்டாங்க."

"திருடட்டும் சார். நாலு கடை இருந்தாத்தானே வாங்கறவங்க நம்ம தெருவுக்கே வருவாங்க."

அவள் சொன்னபடி வாங்குகிறவர்கள் வந்தார்கள். வருடக் கடைசியில் சங்கத்து அறிக்கையில் ஏற்றுமதி என்று புதிதாக ஒரு கோடு முளைத்தது. ஆண்டுக் கூட்டத்தில் அதைத் திரையில் காட்டிப் பேசிய தலைவர், கணீரக்காவை மேடைக்கு அழைத்தார். அவள் போகும்போதே ஒலிபெருக்கிக்காரன் சத்தத்தைக் குறைத்துவைத்தான். அவனுக்கு யாரோ சொல்லியிருக்க வேண்டும்.

"குழி போடறதுக்கு முன்னாடி கீழ குழாய் இருக்கான்னு பாத்துக்கோங்க. இத விட்டா எனக்கு வேற ஒண்ணும் சொல்லத் தெரியாது" என்று சொல்லிவிட்டு இறங்கினாள். கைதட்டல் அடங்க நேரமாயிற்று.

அடுத்த கோடையில் அரசாங்கம் ஒருவழியாகக் கையெழுத்துப் போட்டது. ஆற்றுப் பாலங்கள், துறைமுகத்துக்குப் புது ரயில் பாதை என்று வேலைகள் மளமளவென்று வந்தன. பழைய ரிக்கை விற்றவர்களெல்லாம் புதியதற்கு வந்து நின்றார்கள். முதல் ஆளாகத் தாடிக்காரர், மனைவியோடு. புதிய இயந்திரத்தைச் சுற்றிவந்த அந்த அம்மாள், கணீரக்காவைத் தனியே கூப்பிட்டுக் கேட்டாள்.

"இதுல கொடி கட்டக் கொக்கி எங்க இருக்கு?"

"இது நிக்கவே நிக்காதுக்கா. ஓடிக்கிட்டே இருக்கும், பாருங்க."

அலுவலகத்தில் ஏசி திரும்ப ஓடியது. சாயங்காலத் தேநீர் வந்தது, கூடவே பிஸ்கட்டும். கணீரக்கா ஏற்றுமதிப் பிரிவுக்கு மேலாளர் ஆனாள். அந்தப் பிரிவில் அவளையும் டீசலையும் விட்டால் வேறு ஆள் இல்லை என்பதை மாமியார் அக்கம்பக்கத்தில் சொல்லவில்லை.

அக்கரை அம்மா விடாமல் அழைத்துக்கொண்டே இருந்தாள். ஒருநாள் கணீரக்கா கணவனையும் கூட்டிக்கொண்டு விமானம் ஏறினாள். இறங்கியதும் நேரே வேலை நடக்கிற இடத்துக்குத்தான் கூட்டிப்போனார்கள். அகலமான ஆறு. கரையில், தாடிக்காரர் வீட்டில் துணி காயப்போட்ட அதே ரிக், ஆரஞ்சு நிறப் பூச்சில் பளபளவென்று நின்றது. அக்கரை அம்மா நேரில் பார்த்தால் குள்ளம், ஆனால் அவள் கட்டிப்பிடித்ததில் கணீரக்காவுக்கு மூச்சு முட்டியது.

"வா, நீயே ஒரு குழி போடு" என்று கையைப் பிடித்து இழுத்தாள்.

"நானா? ஐயையோ, எனக்கு விக்கத்தான் தெரியும்!"

கணவன் பின்னாலிருந்து மெதுவாகச் சொன்னான். "ஏறும்மா. நான் கீழ நின்னு பாக்கறேன்."

ஏறி உட்கார்ந்தாள். ஓட்டுநர் பக்கத்தில் நின்று காட்டிய நெம்புகோலை, கூசிக் கூசித் தள்ளினாள். தண்டு சுழன்று இறங்கியது. இருக்கையின் அதிர்வு முதுகெலும்பு வரை ஏறியது. பூமி முதலில் விறைப்பாக நின்று, பிறகு விட்டுக்கொடுப்பது கைக்கே தெரிந்தது. எத்தனை பேரிடம் இந்த இயந்திரத்தைப் பற்றி வாய் வலிக்கப் பேசியிருக்கிறாள்! இப்படி இருக்கும் என்று அவளிடம் யாருமே சொன்னதில்லை. வாளி மேலே வந்து தன் அடிக்கதவைத் திறந்தது. ஆற்றங்கரையின் ஈரக் களிமண் தொப்பென்று விழுந்தது. கீழே கணவன் இரண்டு கைகளையும் தலைக்கு மேலே தூக்கித் தட்டிக்கொண்டிருந்தான்.

அவள் போன் அடித்தது. முதலாளி.

"எங்கம்மா இருக்கே? இங்க ரெண்டு பார்ட்டி உன்னைக் கேட்டு உக்காந்திருக்காங்க."

"டீ குடுங்க சார், அப்புறம் பேசறேன். கையில வேலை இருக்கு" என்று சொல்லி வைத்துவிட்டு, ஓட்டுநர் காட்டுவதற்கு முன்பே அவள் நெம்புகோலை மறுபடி தள்ளினாள்.