நூல் பூசணியை அத்தை வெட்டிய நாள்

இந்தக் கதையில் என் அத்தைதான் ஜெயிக்கிறார். முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நடுவில் ஓரிடத்தில் அவர் தோற்றுவிடுவார் போலத் தெரியும். அந்த இடத்தைச் சொல்லும்போது எனக்கு இன்றைக்கும் கோபம் வரும், அதனால்தான் முன்கூட்டியே இந்த ஆறுதல்.

எங்கள் குடும்பத்தில் முழுப் பூசணிக்காயைப் பெண்கள் வெட்டமாட்டார்கள். முதல் வெட்டை ஓர் ஆண்தான் போட வேண்டும். காய் பிளந்தபிறகு பெண்கள் அதைத் துண்டு போடலாம், தோல் சீவலாம், வேக வைக்கலாம், ஆக மிச்சமிருக்கும் எல்லா வேலையையும் செய்யலாம். என் அப்பாவுக்கு வீட்டில் உப்பு டப்பா எது, சர்க்கரை டப்பா எது என்று தெரியாது. ஆனால் பூசணிக்காய் வந்த அன்றைக்கு அவரைச் சட்டையைக் கழற்ற வைத்து, கொடுவாளைக் கையில் கொடுத்து, அம்மா இரண்டடி தள்ளி நிற்பார். அப்பா ஒரே போடாகப் போட்டுவிட்டு, யானையை அடக்கியவர் மாதிரி கை கழுவப் போவார். ஏன் இப்படி என்று ஒருமுறை கேட்டேன். "கூடாதுன்னா கூடாது. போய்ப் படி" என்றார் அம்மா.

நாங்கள் பொம்மிடியில் இருந்தோம். அப்பாவின் தங்கையான அத்தை வாழ்க்கைப்பட்டது வத்தல்மலையில். அத்தைக்கும் மாமாவுக்கும் குழந்தை இல்லை. அதனால் ஒவ்வொரு விடுமுறைக்கும் என்னைத் தருமபுரியில் மலை பஸ் ஏற்றி அங்கே அனுப்பிவிடுவார்கள். அந்த வீட்டில் நான் வைத்ததுதான் சட்டம். ஐந்தாம் வகுப்பு காலாண்டு விடுமுறைக்குப் போனபோது மட்டும் என்னைக் கொஞ்சுவதற்கு யாருக்கும் நேரமில்லை. வீட்டின் முன்னறை முழுக்க மஞ்சள் காய்கள் குவிந்து கிடந்தன. சின்னத் தர்பூசணி அளவு, கொஞ்சம் நீளவாக்கு, தோல் வழவழவென்று.

நடந்தது இதுதான். பெங்களூரில் இருந்து வந்த ஓர் ஏஜென்ட் அத்தையிடம் விதைப் பாக்கெட்டுகளைக் கொடுத்து, "வெளிநாட்டுப் பூசணி, பெரிய ஓட்டலுங்க வாங்கிக்கும், மொத்தத்தையும் நானே எடுத்துக்கறேன்" என்று சொல்லியிருக்கிறார். மாமாவுக்கு நம்பிக்கை இல்லை. வழக்கம்போலச் சாமை போடுவோம் என்றார். அத்தை பிடிவாதமாக நின்று, கல்யாணமாகிப் பதினொரு வருஷத்தில் முதல்முறையாகத் தன் இஷ்டத்துக்கு ஒரு பயிர் வைத்தார். காய் அமோகமாகக் காய்த்தது. ஏஜென்டின் போன்தான் எப்போது அடித்தாலும் அணைந்து கிடந்தது.

மலையில் யாருக்கும் அந்தக் காயைத் தெரியவில்லை. மாமா கொடுவாளால் நீளவாக்கில் நாலாகப் பிளந்து கொடுக்க, அத்தை துண்டு போட்டுப் புளிக்குழம்பு வைத்தார். குழம்பில் காய் கரைந்து நூல் நூலாகப் பிரிந்து மிதந்தது. மாமா ஒரு நூலை விரலில் எடுத்து வெளிச்சத்தில் பார்த்தார்.

"ஏம்மே, இத திங்கறதா, துணி தெக்கறதா?"

அன்றோடு அதற்கு நூல் பூசணி என்று பேர் வந்துவிட்டது. பொரியல், கூட்டு, சாம்பார், எதில் போட்டாலும் நூல். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது என்பார்களே, அத்தை அந்த வாரம் உண்மையாகவே அதைத்தான் செய்து பார்த்தார். கடைசியில் மாமா கெடு வைத்தார். "ஞாயித்துக்கெழம வரைக்கும் பாக்கறன். திங்கக்கெழம மாட்டுக்குக் கொட்டிட்டு ஏர் ஓட்டிருவன். இனிமே வெள்ளாம பேச்சுல நீ வராத." கத்தவெல்லாம் இல்லை, சாதாரணமாகத்தான் சொன்னார். அத்தை தட்டுகளை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். மாடுகள் தின்பதைப் பற்றி அவருக்குக் கவலையில்லை. இனிமேல் வாய் திறக்கவே முடியாது என்பதுதான் அவரைச் சுட்டது.

நான் களத்தில் இறங்கியது அப்போதுதான். விதைப் பாக்கெட்டில் ஆங்கிலத்தில் இருந்த பேரை எழுத்துக் கூட்டினேன். ஸ்பெகட்டி ஸ்குவாஷ். மாமாவின் போனில் டவர் கிடைக்கும் ஒரே இடமான புளியமரத்தடிக்குப் போய் அதைத் தேடினேன். வீடியோவில் ஒரு வெள்ளைக்காரம்மா காயை வேக வைத்து, முள் கரண்டியால் சுரண்ட, உள்ளே இருந்து நூடுல்ஸ் வந்தது. மந்திரம் ஒன்றுமில்லை. பாஸ்தாவுக்குப் பதிலாகவே அதைச் சாப்பிடுகிறார்களாம்.

"அத்த! இது கொழம்புக் காயே இல்ல, நூடுல்ஸ் காய்!"

மலை மேலே வியூ பாயின்ட்டில் சனி, ஞாயிறுகளில் பைக்கில் கூட்டம் வரும். அத்தையின் பக்கத்து வீட்டுப் பெரியம்மா அங்கே பஜ்ஜிக் கடை போட்டிருந்தார். அவர் கடைக்குப் பக்கத்தில் ஒரு பெஞ்சு, ஒரு அடுப்பு, ஒரு இட்லிப் பானை என்று சனிக்கிழமை காலை நாங்களும் கடை போட்டோம். அட்டையில் 'பூசணி நூடுல்ஸ்' என்று ஸ்கெட்ச் பேனாவால் எழுதியது நான்.

தோற்ற கதையை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். மாமா வழக்கம்போல நாலாகப் பிளந்து கொடுத்த காய்களை அத்தை ஆவியில் வேகவைத்தார். சுரண்டியபோது வந்ததெல்லாம் விரற்கடை நீளத்துக்குத் துணுக்குகள். பூண்டும் மிளகும் தக்காளியும் போட்டு வதக்கியதில் வாசனை மலையைத் தூக்கியது, ருசியும் நன்றாகவே இருந்தது. ஆனால் தட்டைப் பார்த்த ஒரு பையன், "நூடுல்ஸுன்னு எழுதிட்டு உப்புமா குடுக்கறீங்களே அக்கா?" என்றான். கூட வந்தவர்கள் சிரித்தார்கள். அத்தையும் அவர்களோடு சேர்ந்து சிரித்தார். அந்தச் சிரிப்பைப் பார்க்க எனக்குப் பிடிக்கவில்லை. மத்தியானத்துக்குள் எல்லோரும் பஜ்ஜிக்குப் போய்விட்டார்கள். பெரியம்மா பரிதாபப்பட்டு எங்களுக்கும் ஆளுக்கு இரண்டு பஜ்ஜி கொடுத்தார். நான் கோபத்தில் மூன்று சாப்பிட்டேன்.

சாயங்காலம் சுரண்டிய தோல்களைக் கழுவிக்கொண்டிருந்தேன். ஒன்றில் அத்தை சரியாகச் சுரண்டாமல் விட்ட நார்கள் ஒட்டியிருந்தன. அவை காம்பிலிருந்து கீழ்நோக்கி ஓடவில்லை. குறுக்கே, வட்டமாகச் சுற்றிக்கொண்டு ஓடின. பம்பரத்தில் சாட்டையைச் சுற்றுவோமே, அப்படி. மாமா நீளவாக்கில் பிளந்ததில் ஒவ்வொரு சுற்றும் நாலு துண்டாகிவிட்டிருந்தது.

ஓடிப்போய் அத்தையிடம் காட்டினேன். அவர் தோலை வாங்கி, விரலால் அந்த நாரைத் தடவிப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். "வளையல் மாதிரி அறுக்கணும் பாப்பா" என்றார். அறுக்க மாட்டாதவன் இடுப்பில் ஐம்பத்தெட்டு அரிவாள் என்று மாமாவைப் பார்த்து முணுமுணுக்கவும் செய்தார். மாமாவுக்குக் கேட்டிருக்காது என்று நினைக்கிறேன்.

மறுநாள் காலையில் மாமா ஆறு காய்களைச் சொன்னபடியே குறுக்கே, தடிமனான வளையங்களாக அறுத்துக் கொடுத்தார். பிறகு சாமந்திப்பூ மூட்டைகளோடு தருமபுரிக்கு இறங்கிவிட்டார். நாங்கள் நடுவிலிருந்த விதையை வழித்து, இட்லிப் பானையில் அடுக்கினோம். கால் மணி நேரம் கழித்து அத்தை மூடியைத் திறந்து, ஒரு வளையத்தைத் தட்டில் வைத்து, கரண்டிக் காம்பால் நெம்பினார். ஒரு நூல் வந்தது. வந்துகொண்டே இருந்தது. அத்தை கையை உயர்த்த உயர்த்த அது கூடவே எழும்பியது. நான் கத்திய கத்தலில் பெரியம்மா பஜ்ஜியைக் கருகவிட்டு ஓடிவந்தார்.

பத்து மணிக்கு முதல் பைக் கூட்டம் வந்தது. முந்தின நாள் உப்புமா என்றவனைப் போலவே ஒருவன் முதலில் சந்தேகமாகத் தட்டை வாங்கினான். ஒரு வாய் வைத்தான். "டேய், பாஸ்தாடா! பூசணிக்காய்ல பாஸ்தா பண்ணிருக்காங்கடா!" என்று மற்றவர்களைக் கூப்பிட்டான். நான் பாக்கு மட்டைத் தட்டுகளை எடுத்து நீட்டிக்கொண்டே இருந்தேன். சிலர் தட்டைப் படம் எடுத்தார்கள், சிலர் அத்தையையும் சேர்த்து எடுத்தார்கள். பதினோரு மணிக்கு மாமா அறுத்துக் கொடுத்த ஆறு காயும் தீர்ந்துபோயின.

பெஞ்சுக்கு அடியில் சாக்கு நிறையக் காய் இருந்தது. எல்லாம் முழுக் காய். அப்போது பார்த்து ஒரு வேன் வந்து நின்றது. குழந்தை குட்டியோடு இறங்கியவர்கள் நேராக எங்கள் அட்டையைப் பார்த்து வந்தார்கள்.

அத்தை ஒரு காயை எடுத்துப் பலகையில் வைத்தார். பிறகு கையை எடுத்துக்கொண்டார்.

"அவரு வர மத்தியானம் ஆவுமே" என்றார் பெரியம்மா தணிந்த குரலில். "யாராச்சும் ஆம்பளய கூப்புட்டுக்க."

அதைக் கேட்டுவிட்டு ஒரு பைக்காரப் பையன் தட்டைக் கீழே வைத்து, "அக்கா, கத்தியக் குடுங்க, நான் வெட்டித் தர்றேன்" என்று எழுந்துவந்தான். நல்ல பையன். கையைக்கூடச் சட்டையில் துடைத்துக்கொண்டான்.

அத்தை அவனைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். பிறகு அந்தக் காயையே பார்த்துக்கொண்டு நின்றார். எனக்குப் பொறுமை போய்விட்டது. வேன்காரர்கள் பஜ்ஜிக் கடைப் பக்கம் நகர்ந்துவிடுவார்கள் என்று பயம்.

"சீக்கிரம் அத்த! கூட்டம் போயிரும்!"

"வேணாந் தம்பி, நீ உக்காந்து சாப்புடு" என்றார் அத்தை. "நானே அறுத்துக்கறன்."

கத்தியைக் காயின் நடுவில் குறுக்கே வைத்து, இன்னொரு கையை அதன் முதுகில் ஊன்றி, மொத்த பாரத்தையும் போட்டு அழுத்தினார். டக்கென்று ஒரு சத்தம். காய் இரண்டாகப் பிரிந்து உருண்டது. பெரியம்மா, "அடி ஆத்தா" என்று வாயில் கையை வைத்தார். அத்தை நிமிரவில்லை. இரண்டாவது காய், மூன்றாவது காய் என்று போய்க்கொண்டே இருந்தார். நாலாவது காயில் அவர் கை மாமாவின் கையைவிட நேராக அறுத்தது, சத்தியமாகச் சொல்கிறேன். வளையங்கள் ஒரே தடிமனில் விழுந்தன. வேன்காரர்கள் சுற்றி நின்று வேடிக்கை பார்த்தார்கள். நான் பெஞ்சின் மேல் ஏறி நின்று கைதட்டினேன். அவர்களும் தட்டினார்கள். எதற்கு என்று அவர்களுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது.

மத்தியான பஸ்ஸில் வந்து இறங்கிய மாமா, பெஞ்சுக்குப் பின்னால் மலையாகக் கிடந்த தோலைப் பார்த்தார். காலியான சாக்கைப் பார்த்தார்.

"நான் ஆறுதான அறுத்துக் குடுத்தன்?"

"மிச்சத்த நான் அறுத்தனுங்க" என்றார் அத்தை.

மாமா துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். பெஞ்சில் உட்கார்ந்து, "எனக்கும் ஒரு தட்டு போடு" என்றார். அத்தை பரிமாறினார். மாமா கடைசி நூல் வரை சாப்பிட்டு, தட்டை வழித்தார். பிறகு வீட்டுக்குப் போய் இன்னொரு சாக்குக் காயைத் தோளில் சுமந்து வந்து அத்தையின் காலடியில் இறக்கினார். கத்தி பலகையில்தான் இருந்தது. அவர் அதைத் தொடவில்லை. நூடுல்ஸைப் பார்த்துத்தான் மாமா அசந்துபோனார் என்று அன்றைக்கு நான் பெருமைப்பட்டுக்கொண்டேன். அத்தை அடிக்கடி கண்ணைத் துடைத்ததற்கு அடுப்புப் புகை என்று காரணம் கண்டுபிடித்து, விசிறியும் விட்டேன்.

திங்கட்கிழமை ஏர் ஓட்டவில்லை. மாடுகளுக்குத் தோல் மட்டும்தான் கிடைத்தது. அடுத்த பருவத்துக்கும் அத்தை நூல் பூசணியே போட்டார், இந்த முறை யாரையும் கேட்கவில்லை.

போன மாதம் என் அக்கா தலைப்பிரசவத்துக்காக வீட்டுக்கு வந்திருந்தாள். அத்தை கொடுத்தனுப்பிய பூசணியை எடுத்து வைத்துக்கொண்டு அக்கா கத்தியைத் தூக்கினாள். அம்மா பாய்ந்து வந்து பிடுங்கினார். "நீ வெட்டாதடி! பொம்பளைங்க பூசணிய பொளந்தா வயித்துல புள்ள தங்காதும்பாங்க!"

எனக்குப் பத்து வயதில் யாரும் சொல்லாத காரணம் இதுதானா? மலைக் கோயில்களுக்கும் ஆஸ்பத்திரிகளுக்கும் நடந்துகொண்டே, பதினொரு வருஷம், ஒரு பூசணிக்காயைக்கூட அத்தை தொட்டு வெட்டவில்லை. காயிலிருந்து கையை எடுத்துக்கொண்டு நின்ற அந்த ஒரு நிமிஷத்தில் அவர் எந்த நம்பிக்கையைக் கீழே வைத்துக்கொண்டிருந்தார் என்று தெரியாமல், சீக்கிரம் அத்தை, கூட்டம் போய்விடும் என்று அவசரப்படுத்தியவள் நான்.

அன்று சாயங்காலமே போன் செய்தேன். சுற்றி வளைத்துப் பேசிவிட்டு, "அன்னிக்கி உங்களுக்குக் கை நடுங்கலயா அத்த?" என்று கேட்டேன்.

எதிர்முனையில் இட்லிப் பானை மூடியின் சத்தமும், யாரோ தட்டு கேட்கும் குரலும் கேட்டன. அன்று ஞாயிற்றுக்கிழமை என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது.

"நடுங்குச்சு பாப்பா" என்றார் அத்தை. "மொதக் காய்க்கு மட்டும்."