போவிட்டியா கேக்கும் ஒரு கறுத்த நாக்கும்

1974ஆம் வருஷம் அலவத்துகொடையில் பிளம்ஸைக் கண்ணால் கண்டவர் ஒருவரும் இல்லை. பிளம்ஸ் என்று நாங்கள் சொல்வது உலர்ந்த திராட்சையை. வெளிநாட்டுச் சாமான் எதுவும் கப்பலில் வராத காலம் அது. சந்தைப் பக்கத்தில் ஒரு மனிதர் தான் பார்த்ததாகச் சத்தியம் செய்தார். போய்ப் பார்த்தோம். ஆட்டுப் புழுக்கை.

ஆனால் கல்விக் கந்தோரில் இருந்தவர்களுக்கு இந்தச் செய்தி எட்டவில்லை. மனையியல் ஆசிரியைகளுக்கான செய்முறைப் பரீட்சைக்கு அந்த வருஷமும் "பழக் கேக், ஒன்று" என்றே எழுதி அனுப்பினார்கள். பிளம்ஸை வரவிடாமல் தடுத்ததும் அரசாங்கம், பழக் கேக் கேட்டதும் அரசாங்கம். இரண்டு கந்தோருக்கும் இடையில் ஒரு சுவர்தான் இருந்திருக்கும், எட்டிக் கேட்டிருக்கலாம்.

இதில் அகப்பட்டுக்கொண்டவள் கைரியா. என் பக்கத்து வீட்டுக்காரி. எங்கள் இரண்டு வீட்டுக்கும் ஒரே வேலி. அவள் வெங்காயம் நறுக்கினால் இந்தப் பக்கம் நான் அழுவேன், அந்தப் பக்கம் அவள் அழமாட்டாள். அப்படி ஒரு கை. ஊர்ப் பெண்கள் பாடசாலையில் ஆறு வருஷம் தொண்டர் ஆசிரியையாக இருந்தாள். தொண்டர் என்றால் நிரந்தர நியமனம் இல்லாதவள். நிரந்தரமாக வேண்டுமென்றால் இந்தப் பரீட்சையில் சித்தியடைய வேண்டும். இரண்டு தடவை தோற்றுவிட்டாள். முதல் தடவை அவளுடைய மண்ணெண்ணெய் அடுப்பு பாதியில் உயிரை விட்டது. இரண்டாம் தடவை, உப்பு கூடிவிட்டது என்று சொன்ன பரீட்சகரின் நாக்கில்தான் கோளாறு என்று அவருக்கே விளங்கப்படுத்தினாள்.

வயதெல்லை முப்பது. டிசம்பரில் அவளுக்கு முப்பது. இந்தத் தடவையும் தவறினால் தெல்தெனியவில் அவளுடைய கூடப்பிறந்த நானா வீட்டில் வேறொரு உத்தியோகம் காத்திருந்தது: அவருடைய ஐந்து பிள்ளைகளுக்கும் காலம் முழுக்கச் சோறு ஊட்டுவது. நானா ஏற்கனவே ஒரு அறையைக் காலி செய்து வைத்திருந்தார். கேட்டவர்களிடமெல்லாம் அதைச் சொல்லியும் வைத்திருந்தார்.

மற்றப் பரீட்சார்த்திகள் பூசணிக்காயைப் பாகில் போட்டு, தேயிலைச் சாயத்தில் கறுப்பாக்கி, பிளம்ஸ் என்று பெயர் வைத்தார்கள். கைரியாவுக்கு அது பிடிக்கவில்லை. கேட்டது பழக் கேக், பூசணி மரக்கறி, பரீட்சைத் தாளில் பொய் எழுதினாலும் கேக்கில் எழுதக் கூடாது என்றாள். பிறகு என்னையும் ஒரு பனையோலைக் கூடையையும் இழுத்துக்கொண்டு பள்ளிவாசலுக்குப் பின்னால் இருந்த மேட்டுக்கு ஏறினாள்.

அந்த மேடெல்லாம் போவிட்டியா. ஊதாப் பூப் பூக்கும் புதர். பழம் சுண்டுவிரல் நுனியளவு, ஒரு குட்டிச் சட்டி மாதிரி. பழுத்ததும் வெடித்து, உள்ளே கருநீலச் சதை தெரியும். பள்ளிக்கூடம் விட்டு வரும் வழியில் அதைத் தின்னாத பிள்ளை எங்கள் ஊரில் கிடையாது. தின்றதை மறைத்த பிள்ளையும் கிடையாது. நாக்கு கன்னங்கரேலென்று ஆகிவிடும், இரண்டு நாளைக்குப் போகாது.

கொண்டைக்குருவிகளோடுதான் போட்டி. அவை விடியுமுன்னே வரிசையில் நின்றன. கூட்டுறவுச் சங்கக் கடை வரிசையில்கூட அப்படி ஒழுங்கை நான் கண்டதில்லை. நாங்கள் மூன்று நாள் பறித்தோம். கடைசி நாள் ஒரு குருவி எங்கள் பின்னாலேயே வீடு வரைக்கும் வந்து, குசினி யன்னலில் உட்கார்ந்து, நாங்கள் தராசில் நிறுத்ததைச் சரிபார்த்துவிட்டுப் போனது. நம்பாதவர்கள் குருவியைக் கேட்கலாம்.

மா பங்கீட்டில் இருந்ததால் ரவை. சீனிக்குப் பதில் கித்துள் கருப்பட்டி. முட்டை எங்கள் வீட்டுக் கோழிகள் போட்டவை; கைரியா கேட்டால் அவையும் மறுப்பதில்லை. எல்லாமே ஒரு கேக்குக்குத்தான் காணும். ஒத்திகை பார்க்க ஒரு கரண்டி ரவைகூட மிச்சமில்லை.

அதைவிடப் பெரிய சிக்கல், பரீட்சை வந்தது ரமழானின் பதினோராம் நோன்பில். விடிந்த பிறகுதான் குழைக்க வேண்டும் என்று விதி. அதாவது கைரியா தன் வாழ்க்கையையே வைத்துச் செய்த கேக்கை, ஒரு துளி நாக்கில் வைக்காமல் செய்தாள். கருப்பட்டி காணுமா என்று மணந்து பார்த்தாள். ஏலக்காய் காணுமா என்று காதருகே கொண்டுபோனதைக்கூட நான் பார்த்தேன்.

கேக் வேகவைக்கப் போறணை ஊரில் ஒன்றே ஒன்று, பேக்கரிப் போறணை. அதன் பாஸ் ஸெய்னுலாப்தீன் நானா; வயதுக்கு மூத்த ஆண்கள் எல்லோரும் எங்களுக்கு நானாதான். காலைப் பாண் இறங்கியதும் அந்தச் சூட்டில் எங்கள் பெண்களின் கேக் தட்டுகளை வைத்துத் தருவது அவர் வழக்கம். அன்றைக்குப் பத்துத் தட்டு. ஸெய்னுலாப்தீன் நானாவுக்கு ஊரில் ஒரு தனி மரியாதை இருந்தது. முப்பது நாளும் நோன்பு பிடித்துக்கொண்டு அந்த நெருப்புக்கு முன்னால் நிற்கிறாரே என்று, நோன்பில் சோர்ந்து படுக்கும் ஆண்களுக்கு அவரைத்தான் உதாரணம் காட்டுவார்கள். அவர் வேர்வையில் ஒரு வயல் விதைக்கலாம்.

ஒன்பது மணிக்குக் கேக்குகள் வெந்தன. தட்டுகளைக் கைவண்டியில் வைத்து நானாவே பாடசாலைக்குத் தள்ளிக்கொண்டு வந்தார். ஸலாம் சொன்னேன். தலையை மட்டும் ஆட்டினார். கேக் நன்றாக வந்ததா என்று கைரியா கேட்டாள். அதற்கும் தலைதான் ஆடியது. வாய் பூட்டுப் போட்ட அலுமாரி மாதிரி இறுகிக் கிடந்தது. மனதுக்குள் ஓதிக்கொண்டிருக்கிறார் என்று நினைத்து நாங்கள் மரியாதையாக விலகி நின்றோம்.

பரீட்சகர் மிஸிஸ் சிவபாக்கியம் யாழ்ப்பாணத்துக்காரர். வெள்ளைச் சேலை, கறுப்புக் குடை. தராசின் முள்ளைப் பார்த்து அவர் முறைத்தால் முள் நடுங்கி நடுவில் நிற்கும். நோன்பு காலம் என்பது தெரிந்து, பரீட்சார்த்தி முதலில் சுவைத்துக் காட்ட வேண்டும் என்ற விதியை அன்றைக்கு அவரே தளர்த்தியிருந்தார். ஒன்பது பேருடைய பூசணியையும் தானே தின்று, முகத்தில் ஒன்றும் காட்டாமல் மார்க்ஸ் போட்டார்.

பத்தாவதாகக் கைரியா. கரண்டிகளைத் தூக்கிக்கொண்டு நானும் கூடப் போய் யன்னலோரம் நின்றேன். தட்டின் துணியை எடுத்ததும் இரண்டு விஷயம் தெரிந்தது. கேக் நடுராத்திரி வானம் போல மினுங்கியது. அதில் ஒரு மூலை இல்லை.

இது என்ன பழம் என்று மிஸிஸ் சிவபாக்கியம் கேட்டார். கைரியா சொன்னாள். அப்படி ஒரு பழத்தை அவர் யாழ்ப்பாணத்தில் கண்டதில்லை, பாடத்திட்டத்தில் கண்டதில்லை, பேர்கூடக் கேட்டதில்லை. காட்டில் பறித்ததா என்றார். ஓம் என்றாள். ஊர்ப் பிள்ளைகள் எல்லாம் தின்பார்கள் என்றும் சொன்னாள். பச்சையாகத் தின்பது வேறு, வேகவைத்தால் என்ன ஆகும் என்று யாருக்குத் தெரியும் என்றார் அவர். பூசணிக்கு விதியைத் தளர்த்தலாம், பெயர் தெரியாத காட்டுக் காய்க்குத் தளர்த்த முடியாது. பரீட்சார்த்தி தின்று காட்டினால்தான் பரீட்சகர் தின்பார்.

"மிஸ், நான் நோம்பு. நாக்கு நுனியில தொட்டுப் பாத்துட்டுத் துப்புறேன்."

"துப்பினது சாட்சியில்லை, பிள்ளை. விழுங்கவேணும்."

ஊரில் வேறு யாராவது தின்று காட்டட்டும் என்றால், பகல் பத்தரை மணிக்கு அலவத்துகொடையில் வாய் திறக்கக்கூடியவர்கள் பால்குடிப் பிள்ளைகள்தான். பிள்ளைகளில் பரீட்சிக்க மாட்டேன் என்று அந்த அம்மா முன்கூட்டியே சொல்லிவிட்டார். மிஸிஸ் சிவபாக்கியம் பேனாவைத் திறந்தார். கைரியாவின் பெயருக்கு நேரே அது இறங்கப்போவதை நான் பார்த்தேன். தெல்தெனியவில் அந்த ஐந்து பிள்ளைகளும் தட்டோடு வந்து வரிசையாக உட்கார்ந்த சத்தம் எனக்குக் கேட்டது.

அப்போதுதான் பேனா நின்றது. மூலை எங்கே போனது என்று அவர் கேட்டார். கைரியா தட்டைப் பார்த்தாள். தெரியாது என்றாள். போறணைப் பக்கம் எலி இருக்கும் என்று நான் யன்னலோரமிருந்து உதவி செய்தேன். என் உதவிகள் எப்போதும் அப்படித்தான்.

"எலி திண்டிருந்தால் அந்த எலியைப் பிடிச்சுக்கொண்டு வாங்கோ," என்றார் மிஸிஸ் சிவபாக்கியம். "உயிரோடை இருந்தால் நானும் திண்டு பாக்கிறன்."

வாசலில் கைவண்டிக்குப் பக்கத்தில் நின்ற ஸெய்னுலாப்தீன் நானா தொப்பியைக் கழற்றினார், மறுபடி போட்டார். ஒரு காலை உள்ளே வைத்தார், எடுத்தார். பிறகு ஒரேயடியாக உள்ளே வந்து மேசைக்கு முன்னால் நின்றார்.

"அந்த எலி நான்தான் மிஸ்," என்று சொல்லி நாக்கை நீட்டினார்.

கரி. போறணைக்குள் கிடக்கும் கரிகூட அந்த நாக்குக்குப் பக்கத்தில் வெளுத்துப்போகும். எனக்குக் கையிலிருந்த கரண்டிகள் எல்லாம் கீழே விழுந்தன. மிஸிஸ் சிவபாக்கியம் மட்டும் கண்ணாடியை மூக்கில் ஏற்றிக்கொண்டு, டாக்டர்மார் பார்ப்பது போல அந்த நாக்கை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தார். எத்தனை மணிக்கு என்று கேட்டார். ஒன்பது மணிக்கு என்றார் நானா. இப்போது வயிற்றில் நோவு ஏதும் உண்டா?

"வயித்துல அல்சர் மூணு வருஷமா ஈக்கி மிஸ். அதுக்கும் கேக்குக்கும் சம்பந்தமில்ல."

எல்லாம் வெளியே வந்தது. கண்டியில் ஒரு டாக்டர் நோன்பு பிடிக்கவே கூடாது, இரண்டு மணித்தியாலத்துக்கு ஒருமுறை ஏதாவது சாப்பிட வேண்டும் என்று மூன்று வருஷத்துக்கு முன்பே சொல்லியிருக்கிறார். நோயாளிக்கு மார்க்கத்தில் அனுமதி உண்டு, அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. ஆனால் ஊரே உதாரணம் காட்டும் மனிதர் அதை எப்படிச் சொல்வார்? விறகு அடுக்குக்குப் பின்னால் நின்று பாண் ஓரத்தைத் தின்றுகொண்டே காலத்தை ஓட்டியிருக்கிறார். அன்றைக்கும் பாண் ஓரத்தோடு நிறுத்தியிருப்பார். கைரியாவின் தட்டைத் திறந்தபோது வந்த வாசம்தான் அவருடைய கையைப் பிடித்து இழுத்ததாம்.

கைரியா அவர் முகத்தையே பார்த்தபடி நின்றாள். முப்பது வருஷம் சேர்த்த பெயரை அவர் அந்த மேசையில் வைத்துவிட்டது அவளுக்கு விளங்கியிருக்க வேண்டும். "நானா, இத நீங்க செல்லத் தேவல்லயே," என்றாள். அவர் மறுபடி வாசலுக்குப் போய் நின்றார். இந்தத் தடவை வாயைத் திறந்தபடி.

மிஸிஸ் சிவபாக்கியம் ஒரு துண்டு வெட்டி வாயில் வைத்தார். மென்றார். விழுங்கினார். இன்னொரு துண்டு வெட்டினார். விதியில் இரண்டாம் துண்டுக்கு இடமே இல்லை. மூன்றாம் துண்டுக்குப் போகுமுன் தன் கையைத் தானே அடக்கிக்கொண்டார். அவர் பேசத் தொடங்கியபோது பல்லும் உதடும் நாக்கும் கருநீலம். அந்தக் கோலத்தில் அவர் எவ்வளவு கண்டிப்பாகப் பேசியும் எனக்குப் பயம் வரவில்லை.

மார்க்ஸ் எல்லாம் நல்லதாகவே விழுந்தன. கடைசியில் ஒரு கட்டம் மட்டும் மிஞ்சியது: பரீட்சார்த்தி தன் பண்டத்தைத் தானே சுவைத்து எழுத வேண்டிய குறிப்பு. அது இல்லாமல் சித்தி இல்லை. மற்ற ஒன்பது பேரும் தின்னாமலே "சுவை மிக நன்று" என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போயிருந்தார்கள். தாளைக் கைரியாவிடம் நீட்டினார். நான் யன்னலோரமிருந்து "மிக நன்று, மிக நன்று" என்று வாயசைத்தேன்.

"தின்னாம எப்படி மிஸ் எழுதுறது?" என்றாள் கைரியா.

எனக்கு அவளைக் கிள்ளலாம் போல இருந்தது. மிஸிஸ் சிவபாக்கியம் ஒரு துண்டைப் பத்திரிகைத் தாளில் மடித்து, மேலே "ஆறு மணிக்குப் பின்" என்று எழுதி அவளிடம் கொடுத்தார். சாப்பிட்டுவிட்டுத் தபாலட்டையில் எழுதி அனுப்பட்டும், கட்டம் அதுவரை காத்திருக்கும் என்றார். மிச்சக் கேக்கைத் தாள்களோடு சேர்த்துக் கட்டி, ஆவணம் என்று சொல்லி, தானே எடுத்துக்கொண்டு போனார்.

நானாவின் நாக்குச் செய்தி பகல் ளுஹர் தொழுகைக்குள் ஊர் முழுக்கப் போய்விட்டது. பள்ளிவாசல் பெரியவர் ஒருவர் அவரைத் தேடிப் போய், தின்றதற்கு அல்ல, மூன்று வருஷம் மறைத்ததற்கு ஏசினார். அல்லாஹ் தந்த சலுகையை வேண்டாம் என்று சொல்ல நீ யார் என்று கேட்டாராம். மறுநாள் தொட்டுப் பெண்கள் பகலில் அவருக்குக் கஞ்சி அனுப்பத் தொடங்கினார்கள். ஒரு வீட்டுக்குத் தெரியாமல் ஒரு வீடு, மொத்தம் பதினேழு வீடு. பெருநாள் வந்தபோது பேக்கரிக் கதவை இடித்து அகலமாக்க வேண்டியதாயிற்று.

அன்றைக்கு மாலை பாங்கு சொன்னதும் கைரியா தண்ணீர் குடித்தாள், பொட்டலத்தைப் பிரித்தாள். நான் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். பாதி எனக்குத் தருவாள் என்று நினைத்தேன். தரவில்லை. கண்ணை மூடிக்கொண்டு கடைசித் துகள் வரைக்கும் தின்றாள். பிறகு தபாலட்டையை எடுத்தாள். நல்லதாக எழுது, உன் வாழ்க்கை அதில் இருக்கிறது என்று கெஞ்சினேன். அவள் எழுதியது இது:

"மதிப்புக்குரிய மிஸ் அவர்களுக்கு, இன்று மாலை ஆறு பத்துக்குச் சாப்பிட்டேன். பழத்தின் விதை பல்லில் அகப்படுகிறது. ஏலக்காய் கூடிவிட்டது, நாக்கால் பார்க்காமல் மூக்கால் பார்த்ததன் பிழை. கருப்பட்டி சரி. இன்னொரு துண்டு இருந்திருந்தால் இன்னொரு பிழையும் கண்டுபிடித்திருப்பேன். இப்படிக்கு, கைரியா."

மூன்று கிழமைக்குப் பிறகு கல்விக் கந்தோரிலிருந்து நீளக் கடிதம் வந்தது. அவள் அதை என்னிடம் நீட்டினாள், நான்தான் பிரித்தேன். சித்தி. சுவைக் குறிப்பு என்ற கட்டத்தில் பத்துக்குப் பத்து. அதற்குக் கீழே சிவப்பு மையில் சின்ன எழுத்தில் ஒரு வரி: "விதையை வடித்துவிட்டு மறுபடி செய்யவும். செய்ததும் அறிவிக்கவும்."